இரண்டு முறை உறுமிய மெஷின்

சுரங்க ஸ்டோரில் முப்பத்தொரு வருடம் சாமான்களை எண்ணிக் கொடுத்தவன் நான். ஓய்வு பெற்றபின் நகரியத்துக்கு வெளியே ஓர் அச்சகத்தில் தாள் எண்ணிக் கொடுக்கிறேன். அனல்மின் நிலையச் சாம்பல் படிந்த மேல்தாளைத் தட்டிவிட்டுத்தான் எண்ணத் தொடங்குவேன்.

போன கோடையில் முதலாளியம்மா கம்ப்யூட்டரையும் ஆஃப்செட் மெஷினையும் ஒரு ஒயரால் இணைத்தார். பக்கம் அமைக்கும் கம்ப்யூட்டருக்கே எந்த இடத்தில் எவ்வளவு மை வேண்டும் என்று தெரியுமாம். அதன்படி மையைத் திறந்து மூடும் கீகள் தாமாகவே திறந்துகொள்ளுமாம். நிறம் சரியாவதற்குள் இருநூறு தாள் வீணாகும் இடத்தில் இனி ஐம்பதுகூட ஆகாது என்றார் விற்க வந்தவர். பேச்சில் ஏழு தடவை ‘கட்டாயம்’ என்றார். உண்மையைச் சொல்ல ஒரு தடவை போதாதா?

முதல் வேலையில் வீணானது நூற்றுத் தொண்ணூற்று நான்கு. அடுத்தது இருநூற்றொன்று. மூன்றாவது நூற்று எண்பத்தெட்டு. விற்றவரைச் சந்தேகித்தேன், ஒயரைச் சந்தேகித்தேன். பிறகு மெஷின்மேனை. கம்மாபுரம் பக்கத்து ஆள். டிபன் கடைக்கு விற்கவென்றே தாளை வீணாக்குகிறாரோ? முதலாளியம்மாவிடம் சொல்லியும் விட்டேன்.

“அடுத்த வேலையிலயும் கொறையலன்னா வேற ஆளப் பாத்துக்கறேன் சார்” என்றார் முதலாளியம்மா.

நான்காவது வேலை, ஒரு பாதுகாப்பு வாரச் சுவரொட்டி. மெஷின் பக்கத்திலேயே முக்காலி போட்டு உட்கார்ந்தேன். கம்ப்யூட்டரிலிருந்து வேலை வந்ததும் கீ மோட்டார்கள் உறுமின. மெஷின்மேன் ஒரு பொத்தானை அழுத்தினார். மறுபடி உறுமின.

“ஏம்ப்பா, ரெண்டு தடவ சத்தம் வருதே?”

“தாளத்தான் எண்றீங்கன்னு பாத்தா சத்தத்தையும் எண்றீங்களா சார்? மொத தடவ அதுவா தொறக்குது. அப்பறம் நான் சாத்தறேன்.”

“எதுக்குச் சாத்தற?”

“புது வேலைன்னா எல்லாக் கீயையும் சாத்திட்டுத்தான் தொறக்கணும். முன்ன ஓடுன வேலையோட அளவு நிக்கக் கூடாதில்ல? இருவது வருஷமா அப்பிடித்தான் செஞ்சிகினு வரேன்.”

“இப்ப நிக்கறது புது வேலையோட அளவுப்பா. கம்ப்யூட்டர் அனுப்பினது. அதைத்தான் நீ ஒவ்வொரு தடவையும் அழிச்சிருக்க.”

அவர் திரையையே பார்த்தார். “அத எங்கிட்ட யாருங்க சொன்னாங்க?”

யாரும் சொல்லவில்லை. விற்றவர் முதலாளியம்மாவின் அறையில் பேசிவிட்டு, ஒயரை மாட்டிவிட்டுப் போய்விட்டார்.

வேலையை மறுபடி அனுப்பச் சொன்னோம். இந்தத் தடவை அவர் கையைப் பின்னால் கட்டிக்கொண்டார். வீணானவை நாற்பத்து மூன்று. இரண்டாம் தடவையும் எண்ணினேன்.

“இன்னொரு தபா எண்ணுங்க சார். குட்டி போட்டிருக்கப் போவுது” என்றார் மெஷின்மேன்.

எண்ணினேன். பிறகு முதலாளியம்மாவின் அறைக்குப் போய் எண்ணிக்கையைச் சொன்னேன். டிபன் கடை பற்றிச் சொன்னது தப்பு என்றும் சொன்னேன். “அப்ப அவரே இருக்கட்டும்” என்றார்.

மறுநாள் மெஷின் ஒருமுறைதான் உறுமியது. ஆனாலும் முக்காலியை நான் நகர்த்தவில்லை.