நான்காம் விதியை எழுதியவர்

கல்லூரியில் அவருக்கு அரசியல் வாத்தியார் என்று பெயர். இருபத்தாறு ஆண்டுகளாக அரசியல் அறிவியல் நடத்துகிறார். சொந்தக்காரர்கள் எங்கே பார்த்தாலும் இந்தத் தடவை யார் ஜெயிப்பார் என்று கேட்பார்கள். தெரியாது என்பார். "இதுக்கா மாப்ள இவ்வளவு படிச்சீங்க?" என்று மாமனார் ஒருமுறை மனதார வருத்தப்பட்டார்.

வீட்டிலும் அவர் ஜனநாயகத்தைக் கைவிட்டதில்லை. டிவியில் எந்த சேனல் என்பதற்குக்கூட வாக்கெடுப்புதான். மனைவியும் மகளும் ஆளுங்கட்சி. இதுவரை இவர் ஒரு தீர்மானத்திலும் ஜெயித்ததில்லை. முறைப்படி தோற்றோமா என்று மட்டும் பார்த்துக்கொள்வார்.

அவருடைய வாழ்நாள் சாதனை, கல்லூரியின் கல்விக்குழுவுக்கு எழுதிக் கொடுத்த பன்னிரண்டு பக்க விதிகள். படிக்காமலே எல்லாரும் கையெழுத்துப் போட்டார்கள். அதில் நான்காம் விதி அவருக்குச் செல்லம்: ஒரு தீர்மானத்தால் யாருக்கு லாப நஷ்டமோ, அவர் வாக்கெடுப்பின்போது வெளியே இருக்க வேண்டும்.

இந்த ஆண்டு அவர் துறையில் சேர்ந்த மாணவர்கள் நான்கு பேர். ஒருவர் இன்னும் கண்ணில் படவில்லை. துறையை மூடிவிடலாம் என்று தீர்மானம் வந்தது. மூடினால் அவருக்குத் தேர்வுப் பிரிவில் விடைத்தாள் கட்டுவதை மேற்பார்க்கும் வேலைதான்.

குழுவில் முதல்வர் நீங்கலாக, இவரையும் சேர்த்துப் பதினைந்து பேர். கூட்டத்தில் வேதியியல் அம்மாள் அவர் காதோரம் சொன்னார்: "பேசாம உக்காந்திருங்க சார். அப்படி ஒரு விதி இருக்கறதே இங்க யாருக்கும் தெரியாது."

"எனக்குத் தெரியுமே மேடம்," என்று எழுந்து வெளியே போனார்.

வராந்தா பெஞ்சிலிருந்து கதவுக் கண்ணாடி வழியே கைகளை எண்ணினார். மூட ஏழு. வேண்டாமென்று ஏழு. உள்ளே சலசலப்பு. பிறகு பியூன் வெளியே வந்தார்.

"சரிசமமா வந்தா என்ன பண்றதுன்னு முதல்வர் உங்ககிட்ட கேட்டுட்டு வரச் சொன்னாரு சார்."

"பதினோராம் விதி. முதல்வர் ஓட்டுப் போடலாம்."

கண்ணாடிக்குள் முதல்வரின் கை உயர்ந்தது, மூடுகிற பக்கம்.

கூட்டக் குறிப்பைச் சரிபார்க்கும் பொறுப்பும் அவருடையதுதான். ஓட்டை ஏதாவது கிடைக்காதா என்று மூன்று முறை படித்தார். ஒன்றும் அகப்படவில்லை. விதிகளை அவ்வளவு நன்றாக எழுதித் தொலைத்திருந்தார். கையெழுத்துப் போட்டார்.

வீட்டில் மனைவி முகத்தைப் பார்த்தே புரிந்துகொண்டாள். "முறையா நடந்துச்சா?"

"ரொம்ப முறையா."

அவள் யாரையும் கேட்காமல் அவர் பார்க்கும் சேனலை வைத்தாள். அப்பட்டமான முறைகேடு. ஆட்சேபிக்க அவருக்குத் தெம்பில்லை.