டீச்சர் சூப்பர்வைசரான கதை

ஸ்ரீவில்லிபுத்தூர்க் கல்லூரி ஒன்றில் சமூகவியல் நடத்தும் வெங்கடேஸ்வரிக்கு, இந்தக் காலத்து வேலை மனிதர்களை என்ன பாடு படுத்துகிறது என்று ஒரு புத்தகம் எழுத ஆசை. கேள்வி கேட்டால் எல்லோரும் நல்ல பதிலாகத்தான் சொல்கிறார்கள், கூடவே உட்கார்ந்து வேலை பார்த்தால்தான் மனம் திறப்பார்கள் என்று முடிவு கட்டி, கோடை விடுமுறையில் ராஜபாளையத்து பேண்டேஜ் கம்பெனி ஒன்றில் சேர்ந்தாள். புத்தகத்துக்காக வந்திருப்பதை முதலாளி ராஜரத்தினத்திடம் சொல்லிவிட்டாள், அங்கே வேலை பார்க்கும் பெண்களிடமும் சொல்லிவிட்டாள்.

முதலில் கிடைத்தது முதுகுவலி மட்டுமே. அவள் சுருட்டிய துணியெல்லாம் கோணிக்கொண்டு நின்றது. பக்கத்தில் உட்கார்ந்து சுருட்டும் பிச்சையம்மாள் அதைப் பிரித்து மறுபடி சுருட்டியபடியே மெல்லப் பேச ஆரம்பித்தாள். கை அது பாட்டுக்குச் சுருட்டிக்கொண்டிருக்க, மனசு அய்யனார் கோவில் அருவியில் குளித்துவிட்டு வந்துவிடுமாம். வெங்கடேஸ்வரி பூரித்துப் போனாள்.

அந்த நேரம் பார்த்து சூப்பர்வைசர் பிரசவ விடுப்பில் போக, கொஞ்ச நாளைக்குப் பார்த்துக்கொள்ளும்படி ராஜரத்தினம் கேட்டார். ஆராய்ச்சிக்கு அந்தப் பக்கமும் வேண்டும்தானே என்று தனக்குத்தானே சமாதானம் சொல்லிக்கொண்டு அவள் ஒத்துக்கொண்டாள். முதல் நாள் ஒவ்வொரு வேலை சொல்லும்போதும் மன்னிப்புக் கேட்டாள். அடுத்த நாள் மேசைகளை இடம் மாற்றினாள். வேலை வேகமாக நடந்தது. முதலாளி பாராட்டினார். கல்லூரியில் யாரும் அப்படிப் பாராட்டியதில்லை; அதைக் கணவன் ஹரிகிருஷ்ணனிடம் திரும்பத் திரும்பச் சொன்னாள்.

ஒரு மதியம் சரக்கு ஏற்ற வாசலில் லாரி காத்து நின்றது. பிச்சையம்மாள் ஏதோ சொல்ல, பக்கத்தில் இருந்த இந்து குலுங்கிச் சிரித்தாள்.

"பேச்சைக் கொறச்சுட்டு கையைப் பாருங்க," என்றாள் வெங்கடேஸ்வரி.

பிச்சையம்மாள் தலை நிமிரவில்லை. "எங்க பேச்சக் கேக்கத்தான வந்தீய டீச்சர்?"

வெங்கடேஸ்வரிக்கு முகம் சுட்டது. அட்டைப்பெட்டிகளுக்குப் பின்னால் போய் நின்றுகொண்டாள். அங்கே நின்றபோதும் லாரி கிளம்பியதா என்று எட்டிப் பார்த்ததுதான் அவளையே திடுக்கிட வைத்தது.

மறுநாள் சூப்பர்வைசர் வேலையை விட்டுவிட்டு, துணி சுருட்டும் பழைய இடத்துக்கே வந்து உட்கார்ந்தாள். பெண்கள் அவளிடம் முகம் கொடுத்துப் பேசவில்லை. விடுமுறை முடியும் கடைசி நாளில், பிச்சையம்மாளிடம் ஒரே ஒரு பேட்டி கேட்டாள்.

"யாரப் பத்திச் சொல்லணும்?"

"புதுசா வந்த சூப்பர்வைசரைப் பத்தி."

பிச்சையம்மாள் நிமிர்ந்து உட்கார்ந்தாள். பிறகு தொண்டையைச் செருமிக்கொண்டு ஆரம்பித்தாள். விட்ட இடங்களை மற்றவர்கள் எடுத்துக் கொடுத்தார்கள். இந்து எழுந்து கைகளைப் பின்னால் கட்டி, கழுத்தை நீட்டி, மேசை மேசையாக நடந்து காட்டினாள். தான் அப்படி நடப்பது வெங்கடேஸ்வரிக்குத் தெரியவே தெரியாது. கண்ணில் நீர் வரச் சிரித்தாள்.

புத்தகத்தில் அந்தச் சூப்பர்வைசரைப் பற்றிய அத்தியாயம்தான் பெரியது. அந்த நடையை மட்டும் எழுதாமல் விட்டுவிட்டாள்.