நாற்பத்து நான்கு வந்தே தீரவேண்டிய வாயு

காட்டுக்குள் இருந்த கம்யூனிஸ்டுகளோடு வெள்ளைக்காரர்கள் சண்டையிட்ட அவசரகாலத்தில், மலாக்கா பக்கத்து எங்கள் ரப்பர் எஸ்டேட்டிலிருந்து ஜாசின் டவுனுக்குப் போய் ஆங்கிலப் பள்ளியில் படித்தேன். எங்கள் அறிவியல் ஆசிரியர் மலாக்கா நகரத்துத் தெங்கேராவிலிருந்து தினமும் டை கட்டிக்கொண்டு பஸ்ஸில் வருவார். நேற்றுதான் லண்டனிலிருந்து கப்பலில் வந்து இறங்கியவர் போல நடப்பார்.

ஒரு திங்கட்கிழமை வெள்ளைக்கார இன்ஸ்பெக்டர் வகுப்பைப் பார்க்க வருவதாக இருந்தது. பெயர் சொல்லாமல் ஒரு வாயுவைக் கொடுத்து, அதன் மூலக்கூறு எடையை எங்களைக் கண்டுபிடிக்க வைத்து அவரை அசத்துவது ஆசிரியரின் திட்டம். பள்ளியில் வாயு தயாரிக்க அமிலம் தீர்ந்திருந்ததால், அன்று காலை தெங்கேரா சோடா கம்பெனியில் ஒரு கால்பந்து பிளாடர் நிறைய கரியமில வாயு பிடித்துக்கொண்டு பஸ் ஏறினார். மலாக்காவில் அத்தை வீட்டிலிருந்து திரும்பிய நானும் அதே பஸ்ஸில் இருந்தேன்.

ஜாசினுக்கு முன்னால் சோதனைச் சாவடி. காட்டுக்குள் இருப்பவர்களுக்கு அரிசி போகிறதா என்று தேடிய தமிழ்க் கான்ஸ்டபிள் பிளாடரைத் தட்டினார்.

"என்னா வாத்தியாரே, உள்ள அரிசியா?"

"அரிசி இல்லய்யா, கேஸ்!"

அந்த ஒரு சொல் போதும், பஸ் காலியானது. பிளாடரை வாய்க்கால் ஓரம் வைத்து அவரையே முடிச்சை அவிழ்க்கச் சொன்னார்கள். புஸ்ஸென்று எல்லாம் ரப்பர் மரங்களுக்குள் போய்விட்டது.

ஜாசின் சைக்கிள் கடையில் பம்பு வாங்கி ஆசிரியரே அதை மறுபடி நிரப்பினார். பின்னால் நின்ற என்னைப் பார்த்தார். "நீ ஒண்ணும் பாக்கல லா."

ஊசித் துளை வழியே வாயு கசிய எவ்வளவு நேரமாகிறது என்று பார்ப்பதுதான் பரிசோதனை. எடை கூடினால் மெதுவாகக் கசியும். ஆக்சிஜனுக்கு நாற்பது விநாடி ஆனது. மூலக்கூறு எடை நாற்பத்து நான்கான கரியமில வாயுவானால் நாற்பத்தேழு விநாடி ஆகவேண்டும். எனக்கு முப்பத்தெட்டுதான் ஆனது. இரண்டு நேரங்களின் விகிதத்தை வர்க்கப்படுத்தி, ஆக்சிஜனின் மூலக்கூறு எடையான முப்பத்திரண்டால் பெருக்கினேன். இருபத்தொன்பது வந்தது. அதுதான் காற்றின் கணக்கு.

"தப்பு. நாப்பத்து நாலு வரணும்." ஆசிரியர் ஸ்டாப்வாட்சைப் பிடுங்கி அவரே அளந்தார். சரியாக நாற்பத்தேழு விநாடி. அவர் கட்டைவிரலுக்கு அவ்வளவு படிப்பு!

இது வெறும் காற்று என்று, பார்த்துக்கொண்டிருந்த இன்ஸ்பெக்டரிடம் சொல்லிவிட்டேன். அவர் சிரித்தார். காற்றை யாராவது இவ்வளவு தூரம் பையில் சுமந்து வருவார்களா என்றார்.

"எஸ்டேட் பொண்ணு சார், ஸ்டாப்வாட்ச் புடிச்சுப் பழக்கமில்ல," என்றார் ஆசிரியர். வகுப்பே சிரித்தது. எனக்குக் காது சுட்டது.

அன்று எனக்குச் சுழியம். நாற்பத்து நான்கு என்று பார்த்து எழுதியவர்களுக்கெல்லாம் முழு மதிப்பெண். அடுத்த ஆண்டே அவர் தலைமையாசிரியரானார். பரிசளிப்பு விழாவில், உண்மைதான் அறிவியலுக்கு உயிர் என்று முழங்கினார். நான் கைதட்டவில்லை. பக்கத்திலிருந்தவள் தொடையில் கிள்ளினாள். அப்புறம் தட்டினேன்.