கொழும்புப் பெட்டியில் கடைசியாகச் சிரிக்கிற ஆள்

புரியாத பாஷைக்கு வாயை வாடகைக்கு விடுகிற தொழிலில் வயிறு நிறைகிறதோ இல்லையோ, தொண்டை கட்டாயம் கட்டும். படிக்காத பாடத்தை வாத்தியார் முன் ஒப்பித்தவர்கள், பார்க்காத மாப்பிள்ளையைப் பெண் வீட்டில் புகழ்ந்தவர்கள் எல்லாரும் என் கட்சிதான். உங்களிடம் சொல்லி அழுதால் உங்களுக்குப் புரியும்.

நான் பார்த்தது டிவிக்குத் தமிழ் சொல்கிற வேலை. சிலோனிலிருந்து கப்பலேறி வந்த எங்களுக்காக மலையில், ஜெகதளாவுக்கு மேலே, அரசாங்கம் தேயிலை நட்டிருக்கிறது. நாங்கள் குடியிருக்கிற லயத்து வரிசை வீடுகளுக்குக் கீழே, ரோடு திரும்புகிற இடத்தில், கோயமுத்தூர் பழனிசாமி அண்ணன் கடை. கடைக்குப் பின்னால் உருளைக்கிழங்கு மூட்டை போடுகிற அறையில் ஒரு டிவி பெட்டி, கற்பூர மரத்து உச்சியில் ஒரு ஆன்டெனா. அதைக் கோயமுத்தூர்ப் பக்கம் திருப்பினால் டில்லி, தெற்கே திருப்பினால் கொழும்பு, மேகம் இறங்கினால் திரை முழுக்க வெறும் எறும்பு. ஆளுக்கு நாலணா. பெட்டிக்குப் பக்கத்தில் நின்று, உள்ளே பேசுகிறவர்களுக்கெல்லாம் குரல் கொடுக்க வேண்டியது நான். வயது பதினாறு.

வேலை கிடைத்தது

கொழுந்து எடுக்கிற மலையில் மேஸ்திரியின் குரல்தான் கடிகாரம். ஒரு நாள் மூன்று மணிக்கே மேகம் மூடிவிட்டது. நான் ஒரு செடிக்குப் பின்னால் உட்கார்ந்து, அவர் இருமுகிற மாதிரி ரெண்டு இருமல் இருமி, இழுத்து ஒரு குரல் விட்டேன்: "எடைக்கு வாங்கம்மா, எடைக்கு வாங்க." நாற்பது பெண்களும் அரைக் கூடையோடு இறங்கிவிட்டார்கள். அவர்கள் இறங்கியதில் எனக்குப் பெருமை இல்லை. தன் குரலைக் கேட்டு மேஸ்திரியும் பின்னாலேயே இறங்கினாரே, அதில்தான் பெருமை.

மறுநாள் அப்பாவைக் கூப்பிட்டு, உன் பையனுக்கு இந்த எஸ்டேட்டில் எந்தக் காலத்திலும் வேலை கிடையாது என்று சொல்லிவிட்டார்கள். அப்பா என்னை அடித்துக்கொண்டே கடை வரைக்கும் வந்தார். நான் அப்போதும் மேஸ்திரி குரலில்தான் அழுதேனாம். பழனிசாமி அண்ணன் கல்லாவை விட்டு எழுந்து வந்து அப்பா கையைப் பிடித்துக்கொண்டார்.

"உடுங்க மாமா, இந்த வாயை உங்களால மூட முடியாதுங்க. தொறந்தே வெச்சுக்கட்டும், எனக்கு வேணும்."

இழவு வீட்டில் சிரிப்பு

முதல் செவ்வாய்க்கிழமை கொழும்பிலிருந்து இங்கிலீஷ் காமெடி வந்தது. ஒரு சோபா, ஒரு கதவு, மாடிக்குப் போக நாலு படி. ஒரு குண்டு வெள்ளைக்காரர் உள்ளே வருகிறார், அவர் சம்சாரம் இடுப்பில் கை வைத்து நிற்கிறது. என் இங்கிலீஷ் ஒன்பதாம் வகுப்போடு நின்றுவிட்டது. அவர்களுடையது நிற்கவே இல்லை. வேறு வழியில்லாமல் வெள்ளைக்காரருக்கு எங்கள் மேனேஜர் குரலையும், சம்சாரத்துக்கு ரேஷன் கடைக்காரம்மா குரலையும் கொடுத்து, கதையை நானே கட்ட ஆரம்பித்தேன்.

அந்த அம்மா கையில் ஒரு காகிதம் இருந்தது. தந்தி என்று முடிவு செய்தேன். "அய்யோ, ஊருல எங்கம்மா போயிட்டாங்களே" என்று ரேஷன் கடைக் குரலில் நான் உருகி அழுத அதே நொடியில், பெட்டிக்குள்ளிருந்து நூறு பேர் கொல்லென்று சிரித்தார்கள். கண்ணைத் துடைக்க முந்தானையைத் தூக்கிய பெண்கள் அப்படியே நின்றார்கள். முன் மூட்டையில் உட்கார்ந்திருந்த மாரிமுத்து மாமா மெதுவாக எழுந்தார். லயத்தில் நியாயம் சொல்கிறவர் அவர்.

"பெத்தவ செத்துக் கெடக்கா. எந்தப் பயடா அவன், சிரிக்கிறவன்?"

சிரிப்புக்கு ஒரு பேர்

அன்றிலிருந்து அந்தக் கேள்விக்குப் பதில் சொல்வதே என் வேலையாகிவிட்டது. சோபாவில் இருப்பவர்கள் சிரிக்கவில்லை. மாடிப்படியில் யாரும் இல்லை. அப்படியானால் சிரிக்கிற ஆட்கள் எங்கே? எனக்கும் தெரியாது. தெரியாது என்று சொன்னால் எவன் நாலணா கொடுப்பான்? வானொலியில் செய்தி வாசிக்கிறவர் மாதிரி தொண்டையைச் செருமிக்கொண்டு அள்ளி விட்டேன்.

கொழும்பில் பெரிய ஹால் ஒன்று இருக்கிறதாம். மலைநாட்டுத் தோட்டங்களிலிருந்து ஆட்களை லாரியில் ஏற்றி வந்து, வரிசையாக உட்கார வைத்து, இந்தக் காமெடியைக் காட்டுவார்களாம். சிரிக்கிறவர்களுக்கு ஒரு நாள் சம்பளம். எங்கள் தோட்டத்துப் பேச்சில் ஒரு நாள் சம்பளத்துக்கு 'பேர்' என்று சொல்வோம். சிரிக்காதவனுக்கு அரைப் பேர். இவ்வளவையும் நான் மூச்சு விடாமல் சொல்ல, ஒருத்தர்கூடச் சந்தேகப்படவில்லை. மாரிமுத்து மாமா மட்டும் வெகு நேரம் தலையை ஆட்டிக்கொண்டிருந்தார்.

"சிரிச்சா ஒரு பேரா? நாமதான்யா அவசரப்பட்டுக் கப்பலேறிட்டோம்."

ஒரு சோபாவும் உலகமும்

ஒரு வருஷம் பெட்டி பக்கத்தில் நின்றதில், உலகத்துக் காமெடி வளர்ந்த கதை எனக்கு மனப்பாடம். இங்கிலீஷ்காரன் காமெடியில் புருஷன் வறட்டுக் கௌரவம் பிடித்தவன், அதுதான் சிரிப்பு. அமெரிக்காக்காரன் சோபாவைப் பெரிதாக்கி, ஒரு ஃபிரிட்ஜையும் எதிர்த்துப் பேசுகிற ரெண்டு பிள்ளைகளையும் சேர்த்தான். டில்லிக்காரர்கள் அந்தச் சோபாவுக்குப் பூப்போட்ட உறை மாட்டி, பக்கத்து வீட்டுக்காரரைச் சர்க்கரை கடன் கேட்க அனுப்பினார்கள். கொழும்பில் சிங்களத்தில் ஒன்று எடுத்தார்கள், அதில் சோபாவுக்குப் பதில் பிரம்பு நாற்காலி. மற்றபடி எல்லாம் ஒன்றுதான். ஒருத்தர் சின்னதாக ஒரு தப்பு செய்வார், மறைப்பார், மாட்டுவார். அரை மணி நேரத்தில் மன்னிப்பு. அடுத்த வாரம் அதே வீடு, அதே ஆட்கள்.

இந்த ஆராய்ச்சியை ஒரு நாள் கடையில் நின்று விளாசிக்கொண்டிருந்தேன். எங்கள் லயத்து ராமாயி அக்கா மண்ணெண்ணெய் வாங்க வந்திருந்தது. அக்காவையும் பொம்பளைப் பிள்ளையையும் முதலில் கப்பலேற்றிவிட்டு, தோட்டத்தில் சேரவேண்டிய பணத்தை வாங்கிக்கொண்டு அடுத்த கப்பலில் வருகிறேன் என்று சொன்னவர் அதன் புருஷன் சின்னையா. அதற்குள் அங்கே கலவரம். அப்புறம் கப்பலே நின்றுபோனது. ரெண்டு வருஷமாகக் கடிதாசி இல்லை. அக்கா போத்தலை மூடிக்கொண்டே சொன்னது:

"வெளிய போன ஆளு அரை மணி நேரத்துல அந்தக் கதவத் தொறந்துகிட்டு வந்துர்றான் பாரு தம்பி. அதுக்காகத்தான் நான் நாலணா குடுக்கிறேன்."

கடைசியாகச் சிரிக்கிறவர்

கொழும்புச் சிரிப்பில் ஒரு விசேஷம் உண்டு. எல்லாரும் சிரித்து ஓய்ந்த பிறகு ஒரே ஒரு ஆம்பிளை தனியாகச் சிரிப்பார். விக்கல் மாதிரி ரெண்டு, பிறகு நெஞ்சுக்குள்ளிருந்து ஒரு இழுப்பு. எனக்கு அது பிடித்துப்போய், நடக்கும்போதெல்லாம் சிரித்துப் பழகினேன். ஒரு செவ்வாய்க்கிழமை அந்தச் சிரிப்பு வந்ததும், கடைசி மூட்டையிலிருந்து ராமாயி அக்கா எழுந்து நின்றுவிட்டது. மறைக்குதும்மா, உட்காரு என்று பின்னால் கத்தினார்கள். அதற்குக் காதே கேட்கவில்லை.

"அவருதான். வெளையாட்டுப் பேச்சு எதுவும் அவருக்கு உடனே வெளங்காது. எல்லாரும் சிரிச்சு முடிச்சப்புறம்தான் சிரிப்பாரு" என்று பக்கத்திலிருந்தவர்களிடமெல்லாம் சொன்னது. லாரியில் ஏற்றி வருகிறார்கள் என்று இந்தத் தம்பிதானே சொன்னது என்று என்னையே சாட்சிக்கு இழுத்தது. நான் பெட்டிக்குப் பக்கத்தில் நின்றுகொண்டு, சோபாவில் இருந்த மேனேஜருக்கும் ரேஷன் கடைக்காரம்மாவுக்கும் குரல் கொடுக்க மறந்துபோனேன்.

அந்த வாரம் எஸ்டேட் ஆபீசில் அக்காவிடம் ஒரு தாளை நீட்டியிருக்கிறார்கள். லயத்தில் ஒரு அறை என்றால் புருஷன், பெண்சாதி ரெண்டு பேரும் வேலைக்கு இருக்க வேண்டும். இல்லாவிட்டால் விதவை என்று பதிவு இருக்க வேண்டும். ரெண்டும் இல்லையென்றால் மாசக் கடைசியில் அறையைக் காலி பண்ண வேண்டும். கலவரத்தில் புருஷன் இறந்துவிட்டதாக நம்புகிறேன் என்று ஒரு ரேகை வைத்தால் போதும், அறையும் நிற்கும், வேலையும் நிரந்தரம். அக்கா தாளைத் திருப்பித் தள்ளிவிட்டு வந்துவிட்டது.

"செவ்வாக்கெழம சிரிச்ச மனுசன, செத்துட்டாருன்னு நான் எப்படி எழுதிக் குடுக்க?"

கிளார்க்கு கடைக்கு வந்தார்

ஆபீஸ் கிளார்க்கு மோசமான ஆள் இல்லை. கோயமுத்தூர்க்காரர், ஸ்வெட்டருக்கு மேல் ஸ்வெட்டர் போட்டுக்கொண்டு வருஷம் முழுக்க நடுங்குகிறவர். வேலை நேரத்தில் கடைக்கு வந்து என்னை ஓரமாகக் கூப்பிட்டார். இன்னும் எட்டு நாள்தான் இருக்கிறது, அந்த அறையை எதிர்பார்த்து ஒரு குடும்பம் குந்தா பக்கம் மூட்டை கட்டி வைத்திருக்கிறது, நீ போட்ட பொய் முடிச்சை நீயே அவிழ்த்துவிடு என்றார். பெட்டியை ரிப்பேர் பண்ண வருகிற மெக்கானிக்கிடம் கேட்டும் வந்திருந்தார். சிரிப்பை எங்கோ வெளிநாட்டில் ஒரு தடவை நாடாவில் பிடித்து வைத்துக்கொள்வார்களாம். தேவைப்படுகிற இடத்தில் எல்லாம் ஒட்டிக்கொள்வார்களாம். அதில் சிரித்தவர்கள் இன்று உயிரோடு இருக்கிறார்களா என்பதே சந்தேகமாம்.

பழனிசாமி அண்ணனிடம், இன்றைக்குப் பெட்டியைப் போடுவதற்கு முன்னால் எல்லாருக்கும் விஷயத்தைச் சொல்லிவிடட்டுமா என்று என் சொந்தக் குரலிலேயே கேட்டேன். அந்தக் குரலை அவர் அதுவரை கேட்டதில்லை போல. கல்லாவை மூடிவிட்டுச் சொன்னார்.

"அந்தம்மாகிட்ட மட்டும் சொல்லு கண்ணு. மித்தவங்க சிரிச்சுட்டுப் போறாங்க, உடு."

ஒரே மாதிரி

சொன்னேன். ஹாலும் பொய், லாரியும் பொய், பேரும் பொய், எல்லாம் நான் விளையாட்டுக்குச் சொன்னது என்றேன். அக்கா என்னைப் பார்த்துச் சிரித்தது. எஸ்டேட்காரர்கள் உனக்கு என்ன கொடுத்தார்கள் என்று கேட்டது. அத்தனை நாள் நான் சொன்ன பொய்யையெல்லாம் நம்பிய அக்கா, முதன்முதலாக நான் சொன்ன நிஜத்தைச் சந்தேகப்பட்டது. தொழில்காரனுக்கு இதைவிடக் கேவலம் வேறு வேண்டுமா?

செவ்வாய்க்கிழமை அக்காவை முன் மூட்டையில் உட்கார வைத்தேன். இப்போது சிரிப்பார் பாருங்கள் என்று விரலைத் தூக்கினேன், சிரித்தார். மறுபடி தூக்கினேன், மறுபடி சிரித்தார். புதன்கிழமை வந்த அமெரிக்கக் காமெடியிலும் அதே ரெண்டு விக்கல், அதே இழுப்பு. ஒரு இழை கூடவில்லை, குறையவில்லை. மனுஷன் சிரித்தால் ஒவ்வொரு தடவையும் அச்சு மாதிரி இப்படியே இருக்குமா அக்கா, யோசித்துப் பாருங்கள் என்றேன். அக்கா யோசித்தது. முகம் தெளிந்தது.

"அவரு எப்பவுமே ஒரே மாதிரிதான் தம்பி சிரிப்பாரு."

என் வாயில் வந்தது

கடைசி நாள் காலையில் நான் லயத்துக்குப் போனேன். ஆள் கணக்கெடுக்கிற பெரட்டுக்குப் போகிற நேரம். அக்கா வாசலில் குனிந்து தேயிலைக் கூடையின் கயிற்றை முடிந்துகொண்டிருந்தது, முதுகுதான் தெரிந்தது. எனக்குத் தெரிந்தது ஒரே ஒரு வித்தை. சுவரை ஒட்டி நின்று, ரெண்டு விக்கல் விக்கி, நெஞ்சிலிருந்து இழுத்துச் சிரித்தேன்.

என் வாழ்க்கையில் அவ்வளவு சுத்தமாக நான் யாரையும் பேசிக் காட்டியதில்லை. அக்கா கயிற்றை விட்டது. உடனே திரும்பவில்லை. முந்தானையைச் சரி செய்தது, நெற்றியில் விழுந்த முடியை ஒதுக்கியது, அப்புறம் திரும்பியது. அங்கே நான் நின்றேன். இன்னொரு தடவை சிரிக்கச் சொல்லுமோ என்று பயந்தேன். சொல்லவில்லை. பெட்டியிலிருந்து கத்துக்கிட்டியா என்று மட்டும் கேட்டது. ஆமாம் என்று தலையை ஆட்டினேன். ஆள் இல்லாமலே அந்தச் சிரிப்பு வரும் என்று அதற்கு விளங்கிவிட்டது. கூடையை உள்ளே வைத்துவிட்டு, பிள்ளையைப் பக்கத்து அறையில் விட்டுவிட்டு, ஆபீசுக்கு நடந்தது. நானும் பின்னாலேயே போனேன். எதற்குப் போனேன் என்று தெரியவில்லை.

கிளார்க்கு மைப் பெட்டியைத் திறந்து வைத்தார். அக்கா கட்டை விரலை அழுத்தி, தலைப்பில் துடைத்துக்கொண்டது. அவர் தாளைப் பார்த்து, ஒரு இடம் காலியாக இருப்பதாகச் சொல்லி, தயங்கித் தயங்கிக் கேட்டார்: "எறந்த தேதின்னு ஒண்ணு போடோணுங்கம்மா. எப்பன்னு போடட்டுங்க?"

"இன்னக்கிக் காலம்பறன்னு போடுங்கய்யா. கூட இருந்தது இந்தத் தம்பிதான்."

உலகத்தில் எத்தனையோ நாட்டுக்காரர்கள் சிரிப்பை வைத்துப் பிழைத்திருக்கலாம், ஆனால் ஒரே சிரிப்பில் ஒரு மனுஷனைச் சாகடித்து, அவன் பெண்சாதிக்கு லயத்தில் ஒரு அறை வாங்கிக் கொடுத்தவன், எனக்குத் தெரிந்து, இந்தத் தொழிலில் நான் ஒருத்தன்தான்.