கண்ணாடிக் கடையும் அப்பா குடித்த டீயும்

பத்தாவது வரை படித்தவள் நான். நாலு பேர் இருக்கும் இடத்தில் பேசவே கூச்சப்படுவேன். அப்படிப்பட்டவள் அப்பாவின் நினைவு மலருக்கு எழுதத் துணிந்ததைப் பெரியவர்கள் பொறுத்துக்கொள்ள வேண்டும். முறைப்படி இதை எழுத வேண்டியவர் என் அக்கா. அப்பாவின் கடையைக் கண்ணால் பார்த்தவர் அவர்தான். கேட்டபோது, "நீயே எழுது" என்று சொல்லிவிட்டார். எழுதி முடித்ததும் போனில் படித்துக் காட்டினேன். எதையும் எடுக்கச் சொல்லவில்லை.

அப்பா திருமயத்துக்குப் பக்கத்துக் கிராமத்தில் ஐந்து பிள்ளைகளில் மூன்றாவதாகப் பிறந்தார். சிறு வயதிலேயே தந்தையை இழந்தவர். மழை பொய்த்த ஒரு வருடம், பதினேழு வயதில், தாய்மாமனுடன் இலங்கைக்குக் கப்பல் ஏறினார். கிளிநொச்சிப் பக்கம் கண்டி ரோட்டுச் சந்தி ஒன்றில் மாமனுக்குக் கீற்றுக் கொட்டகையில் டீக்கடை இருந்தது. மாமன் காலமான பிறகு கடை அப்பாவிடம் வந்தது. அதை ஓட்டுக் கட்டடமாக எடுத்துக் கட்டினார். கொழும்பில் மூடிய ஒரு சலூனிலிருந்து ஆளுயரக் கண்ணாடி ஒன்றை வாங்கி, வைக்கோல் சுற்றி லாரியில் கொண்டுவந்து வாசல் பக்கச் சுவரில் மாட்டினார்.

லாரி டிரைவர்கள் தலை சீவிவிட்டுத்தான் டீ கேட்பார்களாம். கல்யாணத்துக்குப் போகிற பெண்கள் பஸ்ஸை நிறுத்தச் சொல்லி இறங்கிப் பூவைச் சரிசெய்துகொள்வார்களாம். கண்டக்டர்கள் சந்தியின் பழைய பெயரை விட்டுவிட்டு 'கண்ணாடிக் கடை' என்றே கூப்பிட ஆரம்பித்தார்கள்.

இதெல்லாம் அக்கா சொல்லித்தான் எனக்குத் தெரியும். அவர் அங்கே பிறந்து ஒன்பது வயது வரை வளர்ந்தவர். தினமும் காலையில் அந்தக் கண்ணாடி முன்னால் நிற்கவைத்து அப்பாவே இரட்டைச் சடை பின்னி ரிப்பன் கட்டிவிடுவார் என்பார். பாடுவார், வருகிறவர்களைக் கேலி செய்வார் என்பார். நான் பார்த்த அப்பா ஒரு நாளும் பாடியதில்லை. எனக்குச் சடை பின்னியது அம்மா.

சண்டை முற்றியபோது அப்பா கண்ணாடியைக் கழற்றி, சாக்குச் சுற்றி உள் அறையில் வைத்துவிட்டு, அம்மாவையும் அக்காவையும் அழைத்துக்கொண்டு படகில் ராமேசுவரம் வந்து சேர்ந்தார். மூன்று மாதத்தில் திரும்பிவிடலாம் என்று நினைத்திருந்தார். ஷெல் விழுந்து கடை எரிந்துவிட்டது, கிணறும் பின்சுவரும்தான் மிச்சம் என்று அடுத்த மாதமே கடிதம் வந்தது. மறு வருடம் நான் பிறந்தேன்.

இங்கே திருமயத்தில் அப்பா அரிசி ஆலையில் வாட்ச்மேனாக இருந்தார். பஸ் ஸ்டாண்டில் டீக்கடை போடச் சொல்லிப் பலர் கேட்டும் மறுத்துவிட்டார். யாரையும் கடிந்து பேசமாட்டார். ஆலையில் யாருக்காவது உடம்புக்கு முடியவில்லை என்றால் சைக்கிளில் உட்காரவைத்து ஆஸ்பத்திரிக்குத் தள்ளிக்கொண்டு போவார். பேச்சு மட்டும் குறைவு.

ஒளிக்காமல் எழுதுகிறேன். எனக்கு அக்கா மேல் பொறாமை. எரிந்துபோன அந்தக் கடை மேலும் பொறாமை. அக்கா புகுந்த வீடான கீரனூரிலிருந்து வந்து கடைக் கதையை ஆரம்பித்தால் அப்பா முகம் விரியும். நான் அடுப்படிக்குப் போய்விடுவேன். எனக்கென்று இருந்தது ஒன்றுதான். பத்து வயதிலிருந்து அப்பாவுக்குக் காலை டீ போட்டது நான். கல்யாணமாகி அடுத்த தெருவுக்குப் போன பிறகும் காலையில் வந்து போட்டுக் கொடுத்தேன். கெட்டியான பால் டீ. வாதம் வந்து படுத்த பிறகு ஸ்பூனில் கொடுத்தேன். கடைசி நாள் காலையிலும் மூன்று ஸ்பூன் இறங்கியது.

பதினாறாம் நாள் படையலில் அந்த டீயைத்தான் இலையில் வைத்தேன். அக்கா பால் இல்லாத டீ ஒரு கிளாஸ் கொண்டுவந்தார்.

"அதை எடுடி. அப்பாவுக்குப் புடிச்சது வெறும் தேத்தண்ணி. கடையில தெனமும் காலையில மாஸ்டர்ட்ட வாங்கி அப்பா மேசைக்கு நாந்தான் கொண்டு போவேன். நீ அந்தக் கடையப் பாத்தியா?"

"முப்பது வருசமா போட்டுக் குடுத்தது நான்க்கா."

எங்கள் அத்தை குறுக்கே வந்தார். "ரெண்டையும் வைங்கடி. அவன் இருந்தப்ப மூத்திரம் அள்ள இப்பிடிப் போட்டி போட்டீங்களா?" என்றார். இரண்டையும் வைத்தோம்.

அந்தச் சமயத்தில்தான் திருச்சியில் மகள் வீட்டில் இருக்கும் பெரியவர் ஒருவர் வந்து சேர்ந்தார். அப்பாவின் கடைக்குப் பக்கத்தில் சைக்கிள் கடை வைத்திருந்தவர். இலையைப் பார்த்துச் சிரித்தார்.

"ஐயா தேத்தண்ணி குடிக்கமாட்டாரே. நாள் முழுக்க அந்த மணத்துக்குள்ள நிண்டவர். சுடுதண்ணிதான் குடிப்பார்" என்றார். பிறகு அக்காவைப் பார்த்து, சந்தோஷப்படுத்துவதாக நினைத்துக்கொண்டு சொன்னார்: "நீ கொண்டு போய்க் குடுப்பாய், பிள்ளை. ஒரு வாய் குடிச்சிட்டு உன்னைப் பாத்துச் சிரிப்பார். நீ அங்கால போனதும் மிச்சத்தை எனக்குத் தந்திடுவார். என்ர காலமைத் தேத்தண்ணி அதுதான்."

அக்கா தன் கிளாஸை இலையிலிருந்து எடுத்துப் பின்பக்கம் வாழையடியில் ஊற்றினார். 'இருக்கட்டும்க்கா, வை' என்ற வார்த்தை என் வாய் வரை வந்தது. சொல்லவில்லை. இலையில் என் கிளாஸ் மட்டும் இருந்தது. என் மனது குளிர்ந்தது என்பதுதான் உண்மை.

பந்தி பரிமாறிக்கொண்டிருக்கும்போது வேறு எண்ணம் வந்தது. பிடிக்காததை, பிள்ளை முகம் வாடக்கூடாது என்று தினமும் ஒரு வாய் குடித்துச் சிரித்துக் காட்டியிருக்கிறார். அவரே அந்தப் பெரியவரிடம் அதைச் சொல்லி மகிழ்ந்தும் இருப்பார். என் டீயைக் கடைசிச் சொட்டு வரை குடித்தார். ஆனால் என்னைப் பார்த்துச் சிரித்ததாக எனக்கு ஒரு நாளும் நினைவில்லை. அக்காவுக்குக் கிடைத்த அந்த ஒரு வாய் மேலும் எனக்குப் பொறாமை வந்தது. இன்னும் போகவில்லை.

அப்பாவைப் புரட்டிப் படுக்கவைக்க வேளை தவறாமல் வந்த பக்கத்து வீட்டுத் தம்பிகளுக்கும், வீட்டுக்கே வந்து ஊசி போட்ட நர்ஸ் அம்மாவுக்கும், ஆலையைப் பாதி நாள் மூடிவிட்டு மயானம் வரை நடந்து வந்தவர்களுக்கும், அத்தைக்கும், திருச்சிப் பெரியவருக்கும் எங்கள் குடும்பத்தின் நன்றி. அப்பாவின் மருந்துச் செலவில் பாதிக்கு மேல் சுமந்தவர் அக்கா. அதையும் இங்கே எழுதிவைக்க வேண்டும்.

மறுநாள் காலை ஏழு மணி பஸ்ஸில் அக்கா கீரனூருக்குப் போனார். நான் வாடகைப் பாத்திரங்களை எண்ணி ஏற்றிக்கொண்டிருந்தேன். பஸ் ஸ்டாண்டு வரை போகவில்லை.