வயல் நடுவே விரிந்த குடை

எங்கள் வீட்டு பீரோவுக்குப் பின்னால் ஒரு கறுப்புக் குடை சாத்தியிருக்கிறது. ஆண்கள் பிடிக்கிற நீளக் குடை. மரப்பிடி கைபட்டுக் கைபட்டு வழவழவென்று ஆகிவிட்டது. துணியில் இரண்டு ஒட்டுகள். ஒன்று அதன் சொந்தக்காரர் தைத்தது, மற்றது நான் தைத்தது. இத்தனை வருடத்தில் மழைக்கென்று அதை நான் எடுத்துப் போனதே இல்லை. என் கணவர் இருந்தவரை, "இதை மியூசியத்துக்காவது குடுத்துடேன்" என்று கேலி செய்துகொண்டிருந்தார். மத்தியானச் சாப்பாட்டுக்குப் பிறகு நான் கொஞ்சம் கண்ணயர்ந்தால் போதும், கண்ணுக்குள் அது தானாக விரியும். கானல் நடுங்கும் பொட்டல் வயலில், தரையோடு தரையாக, கறுப்பாக ஒரு குடை. பிடித்திருப்பவர் யாரும் கண்ணில் படமாட்டார். அவர் அதற்குப் பின்னால் உட்கார்ந்திருக்கிறார்.

அவர் எங்கள் தாசில்தார். குத்தகைக்கு உழுகிறவர்களின் பெயரை அரசாங்கப் பதிவேட்டில் ஏற்ற வேண்டும் என்று சட்டம் வந்திருந்த காலம். அதற்கென்றே கீழத்தஞ்சைப் பக்கம் அவரைப் போட்டிருந்தார்கள். அப்பா இறந்ததால் கிடைத்த வேலையில், இருபத்திரண்டு வயதில், அவருக்கு டைப்பிஸ்ட்டாகப் போய்ச் சேர்ந்தவள் நான். ஊருக்கு ஊர் ஜீப்பில் போவோம். போகிற வழியெல்லாம் ஒரு முனையில் கறுப்பு சிவப்புக் கொடி, மறு முனையில் சிவப்புக் கொடி. பேச்சு முழுக்க நிலம்தான். யார் உழுதது, யாருக்குச் சொந்தம், யாரை வெளியேற்றினார்கள், எங்கே அடிதடி. நான் டைப்ரைட்டரை மடியில் வைத்துக்கொண்டு, வயல்கள் பின்னால் ஓடுவதைப் பார்த்தபடி அரைத்தூக்கத்தில் வருவேன். அந்த நாட்கள் முழுவதுமே எனக்கு இப்போது அந்த அரைத்தூக்கத்தின் வழியாகத்தான் நினைவுக்கு வருகின்றன.

தாசில்தாருக்கு நாற்பது வயது இருக்கலாம். ஆள் மிகவும் ஒல்லி. சட்டைக் காலருக்குள் கழுத்து தனியாக நிற்கும். மோர் விட்டுக் கரைத்த குழைந்த சாதம் தவிர வேறொன்றும் சாப்பிடமாட்டார், அதுவும் வேலை முடிந்த பிறகுதான். எந்த ஊரில் இறங்கினாலும் முதலில் நாலு பக்கமும் பார்ப்பார். கலவரக் காலமாயிற்றே, பயப்படுகிறார் என்று நினைத்தேன். சித்திரை வெயிலானாலும் மார்கழிப் பனியானாலும் கையில் குடை இருக்கும். ஆபீசில் அவருக்கு 'குடைத் தாசில்தார்' என்றே பெயர். அந்தப் பெயரை வைத்தவர்களில் நானும் ஒருத்தி.

வேலையில் அவரைக் குறை சொல்ல முடியாது. குத்தகைக்கு அந்தப் பக்கம் ரசீது கிடையாது, எல்லாம் வாய்ப்பேச்சு. நிலக்காரர், "அவன் என்கிட்ட கூலியாள், குத்தகைக்காரன் இல்ல" என்று ஒரே போடாகப் போட்டுவிடுவார். இவர் சண்டைக்குப் போகமாட்டார். இரண்டு பக்கத்தையும் உட்கார வைத்து, இந்த வயலுக்கு எந்த மடையிலிருந்து தண்ணீர் வருகிறது, எந்த மூலையில் நண்டு வளை போட்டு வரப்பு உடையும், போன வருடம் எந்தப் பக்கம் பயிர் சாய்ந்தது என்று சாவகாசமாகக் கேட்டுக்கொண்டே போவார். உழுதவனுக்கு அதெல்லாம் கைரேகை மாதிரி தெரியும். மற்றவன் திணறுவான். ஆனால் இப்படி விசாரிக்க நேரம் வேண்டும். எழுந்திருக்காமல் உட்கார வேண்டும்.

அதுதான் அவரால் முடியவில்லை. ஒரு கிராமத்தில், பள்ளிக்கூடத்துப் புங்கமரத்தடியில் விசாரணை. கீழத்தெருவைச் சேர்ந்த ஓர் அக்காவின் வழக்கு. அவள் புருஷன் ஆறு மா நிலத்தை, அதாவது இரண்டு ஏக்கரை, விளைச்சலில் பங்கு கொடுக்கும் வாரத்துக்கு உழுதவன். அவன் இறந்து போன பிறகு அவளே நின்று விவசாயம் பார்த்தாள். இப்போது மிராசுதார், அவன் வெறும் கூலிதான் என்கிறார். மேட்டூர்த் தண்ணீர் வந்து வாய்க்காலில் இறங்குவதற்குள் பதிவேட்டில் அவள் பெயர் ஏறிவிட வேண்டும். இல்லாவிட்டால் மிராசுதாரின் ஆட்கள் இறங்கி உழுதுவிடுவார்கள். உழுதவன் கையில் நிலம் என்று சட்டம் சொன்னால், அன்றைக்கு உழுதவர்கள் அந்த ஆட்களாகிவிடுவார்கள். அவளுக்கு இரண்டு பெண் குழந்தைகள். அந்த ஆறு மாவை விட்டால் வேறு கதியில்லை.

அவள் வழக்கைக் கூப்பிட்ட கொஞ்ச நேரத்தில் தாசில்தார் எழுந்தார். முகம் வெளுத்திருந்தது. ஒரு வார்த்தையும் சொல்லாமல் மேலத்தெருப் பக்கம் விறுவிறுவென்று நடந்து மிராசுதார் வீட்டுக்குள் போனார். அரைமணி கழித்துத் திரும்பி வந்தார். உட்கார்ந்து இரண்டு கேள்வி கேட்பதற்குள் மறுபடி எழுந்து அதே வீட்டுக்குப் போனார். மூன்றாம் முறை திரும்பியபோது, வழக்கைத் தள்ளி வைக்கிறேன் என்றார். பத்து நாள் கழித்து அடுத்த விசாரணை. அன்றும் அப்படியே நடந்தது.

மரத்தடியில் உட்கார்ந்திருந்தவர்கள் என்ன நினைப்பார்கள்? "அய்யாவுக்கு அங்கேர்ந்துதான் கேள்வி எழுதிக் குடுக்குறாங்கபோல" என்று ஒருவர் சத்தமாகவே சொன்னார். எல்லோரும் சிரித்தார்கள். அக்கா மட்டும் சிரிக்கவில்லை. நானும் தலையைக் குனிந்துகொண்டேன். வெட்கமாகத்தான் இருக்கிறது சொல்வதற்கு, அவர் விலைபோய்விட்டார் என்று நானும் நம்பினேன். அந்த ஊரிலேயே கக்கூஸ் இருந்த ஒரே வீடு மிராசுதார் வீடு என்பது எனக்குத் தோன்றவே இல்லை.

அன்று திரும்பும் வழியில், ஆள் அரவமே இல்லாத இடத்தில், ஜீப்பை நிறுத்தச் சொன்னார். குடையை எடுத்துக்கொண்டு பொட்டல் வயலில் இறங்கி ஓட்டமும் நடையுமாகப் போனார். உளுந்து எடுத்து முடிந்த வயல். ஒரு செடி இல்லை, மறைவென்று ஒரு புதர் இல்லை. தூரத்தில் குடை விரிந்து தரையில் இறங்கியது. டிரைவர் பழக்கப்பட்டவர்போல முகத்தை மறுபக்கம் திருப்பிக்கொண்டார். நான் திருப்பவில்லை, எனக்குப் புரியவில்லை. கானலில் அந்தக் குடை மிதந்தது, அசைந்தது, மறுபடி நின்றது. வெகுநேரம் ஆயிற்று.

"ரத்தமா போவுதும்மா" என்றார் டிரைவர், வேறெங்கோ பார்த்துக்கொண்டே. "ஒரு நாளைக்குப் பத்துத் தடவ, பன்னெண்டு தடவ. ஆறு வருஷமா இப்புடித்தான். நடுவுல ரெண்டு மாசம் நல்லா இருப்பாரு, மறுபடி வந்துரும். சீதபேதின்னாங்க, மூலம்னாங்க, சூடுன்னாங்க. எந்த மருந்தும் கேக்கல."

அவர் திரும்பி வந்து, என் முகத்தைப் பார்த்ததும் தெரிந்துகொண்டார். ஜீப் கிளம்பிக் கொஞ்ச தூரம் போன பிறகு, முன்சீட்டில் இருந்தபடி திரும்பாமல் பேசினார்.

"யார்கிட்டயும் சொல்லாதீங்கம்மா."

"அவங்க வேற மாதிரி நெனைக்கிறாங்க அய்யா. லஞ்சம் வாங்கிட்டீங்கன்னு..."

"நெனைச்சிக்கட்டும். லஞ்சம் வாங்குன தாசில்தார்னா ஊர்ல நாலு பேரோட அஞ்சாவது ஆளு. இது தெரிஞ்சா எனக்கு ஒரு தண்ணி டம்ளர் குடுக்க யோசிப்பாங்க. எம் பொண்ணைக் கட்ட வர்றவன் யோசிப்பான். சொல்லாதீங்க."

களங்கத்தைச் சுமக்க அவர் தயாராக இருந்தார், நோய் வெளியே தெரிவதைத்தான் அவரால் தாங்க முடியவில்லை. அந்தக் கணக்கு எனக்கு அன்று விளங்கவில்லை, கோபம் வந்தது. சரி என்று தலையாட்டினேன்.

மூன்று நாள் கழித்து அக்கா ஆபீசுக்கு வந்தாள். அந்தத் தாசில்தாரை மாற்றச் சொல்லி ஊரே கைநாட்டு வைத்து மேலிடத்துக்கு மனுக் கொடுக்கப்போகிறது, அதை நான்தான் டைப் அடித்துத் தர வேண்டும் என்றாள். மனுப் போனால் இவரை மாற்றுவார்கள். புது ஆள் வந்து, வழக்குக் கட்டைப் பிரித்து, முதலிலிருந்து விசாரிக்க மாதக்கணக்காகும். மேட்டூர் அணை திறக்க அப்போது இரண்டு வாரம்கூட இல்லை. அவளே தன் கையால் தன் நிலத்தைத் தள்ளிவிடப் போகிறாள். சொல்லவும் முடியாமல் விழுங்கவும் முடியாமல் தவித்தேன். கடைசியில் அவளை மாடிப்படிக்கு அடியில் கூட்டிப்போய்ச் சொல்லிவிட்டேன்.



"அட, இதுக்கா அந்த மனுசன் அங்க ஓடுனாரு?" என்றாள். "நாங்க விடியிறதுக்கு முன்னாடி கொல்லைக்குப் போயிட்டு வந்தா, இருட்டுற வரைக்கும் அடக்கிக்கிட்டுத்தாம்மா நடவு நடுறோம். அடக்குறதுன்னா என்னன்னு எங்களுக்கா தெரியாது?"

மனுவைப் பற்றி அவள் அதற்கப்புறம் பேசவில்லை. முந்தானையை உதறிச் செருகிக்கொண்டு போய்விட்டாள்.

அடுத்த விசாரணைக்குப் போனபோது ஜீப்பிலிருந்து இறங்கியதும் கண்ணில் பட்டது. புங்கமரத்துக்குப் பின்னால் இருபதடி தள்ளி, பச்சைத் தென்னங்கீற்று முடைந்து நாலு பக்கமும் கட்டிய ஒரு மறைப்பு. தலைக்கு மேலும் ஒரு கீற்று. வாசலில் சாக்குப் படுதா, பக்கத்தில் இரண்டு பானைத் தண்ணீரும் ஒரு குவளையும். தரையில் புது மணல் கொட்டியிருந்தது. அப்போதுதான் கட்டி முடித்திருக்க வேண்டும், கீற்று வாசனை மரத்தடி வரைக்கும் வந்தது. உட்கார்ந்திருந்த அறுபது எழுபது பேரில் ஒருவர்கூட அந்தப் பக்கம் திரும்பவில்லை. எல்லோரும் ரொம்ப மும்முரமாக வேறெதையோ பார்த்துக்கொண்டிருந்தார்கள்.

தாசில்தார் நின்றுவிட்டார். என்னைத் திரும்பிப் பார்த்தார். அந்தப் பார்வையை என்னால் இன்றும் எழுத முடியவில்லை. அப்போது மிராசுதாரின் காரியஸ்தர் மேல்துண்டைச் சரிசெய்துகொண்டு ஓடிவந்து, "அய்யா, வெயில்ல என்னத்துக்கு நிக்கிறீங்க, வீட்டுக்கு வந்துட்டு அப்புறம் உக்காரலாமே" என்றார். தாசில்தார் நாற்காலியில் உட்கார்ந்தார்.

"வேணாங்க. இங்கயே வசதி இருக்கு."

அன்று அவர் நாலு முறை எழுந்தார். நாலு முறையும் அந்தச் சாக்குப் படுதாவுக்குள் போய்த் திரும்பி வந்து, விட்ட கேள்வியிலிருந்து தொடர்ந்தார். மடை எது என்று கேட்டதும் அக்கா எழுந்து நின்று, கைநீட்டி, மதகிலிருந்து தன் வயல்வரை தண்ணீர் நடக்கிற வழியைச் சொன்னாள். எந்த வளைவில் தேங்கும், யார் வரப்போடு சண்டை என்பது வரை. காரியஸ்தர் தொண்டையைக் கனைத்தார், அவ்வளவுதான். சாயங்காலம் நாலு மணிக்கு அவள் பெயரை நான் டைப் அடித்தேன். அடிக்கும்போது ஓர் எழுத்து இரண்டு முறை விழுந்துவிட்டது.

திரும்பும்போது ஜீப்பில், "நான் சொல்லாதீங்கன்னு சொன்னேன்" என்றார். அதற்கப்புறம் வேலை விஷயமாக மட்டும் பேசினார். அந்த மாதக் கடைசியில் மெடிக்கல் லீவில் மதராசுக்குப் போனார். மறுநாள் காலை ஆபீசுக்கு வந்தால், என் டைப்ரைட்டர் மேல் அந்தக் குடை குறுக்காகக் கிடந்தது. மறந்துவிட்டுப் போனாரா, எனக்கென்று வைத்துவிட்டுப் போனாரா தெரியாது. அவர் வேலைக்குத் திரும்பவில்லை. ஏதோ ஆபரேஷன் செய்தார்கள், கொஞ்ச காலம் இருந்தார் என்று டிரைவர் ஒருமுறை பஸ் ஸ்டாண்டில் பார்த்தபோது சொன்னார். நான் செய்தது துரோகமா உதவியா என்று அன்றைக்கு ஆரம்பித்த யோசனை, கல்யாணமாகி, பிள்ளை பெற்று, ரிட்டையராகியும் ஓயவில்லை.

அந்த நோய்க்குப் பெயர் எனக்கு வெகுகாலம் தெரியாது. என் மகளுக்கு வந்தபோதுதான் தெரிந்தது. அல்சரேட்டிவ் கோலைடிஸ் என்றார் தஞ்சாவூர் குடல் டாக்டர். பெருங்குடலின் உள்பக்கம் புண்ணாகி ரத்தம் கசிவது, அடங்குவதுபோல் அடங்கித் திரும்ப வருவது, ஒருவரிடமிருந்து மற்றவருக்கு ஒட்டாதது. "நாங்க படிக்கிறப்ப நம்ம பக்கம் இது அபூர்வம்னாங்க. இப்ப என் ஓ.பி.ல பாதிப் பேர் இதுக்குத்தான் வர்றாங்க. முன்னாடியும் இருந்திருக்கும், சீதபேதின்னு எழுதிட்டுப் போயிருப்பாங்க" என்றார். வெளியே வரிசையில் உட்கார்ந்திருந்தவர்களைப் பார்த்தேன். பெரும்பாலும் சின்ன வயதுக்காரர்கள். எல்லோரும் கக்கூஸ் கதவுக்குப் பக்கத்து நாற்காலிகளையே பிடித்திருந்தார்கள். ஒவ்வொருவர் கையிலும் எனக்கு ஒரு குடை தெரிந்தது.

மருந்தில் மகளுக்குக் குறைந்தது, போகவில்லை. வேலைக்குப் போகும் நாளில் காலையில் எதுவும் சாப்பிடமாட்டாள். சினிமா இல்லை, கல்யாணம் காட்சி இல்லை. ஒரு வழியில் எங்கெங்கே பெட்ரோல் பங்க் இருக்கிறது என்று அவளுக்கு மனப்பாடம். "யார்கிட்டயும் சொல்லாதம்மா" என்றாள். அதே வார்த்தை. அன்றுதான் அவளிடம் குடையின் கதையைச் சொன்னேன்.

"நீ சொல்லியிருக்கக் கூடாது" என்றாள். பிறகு, "சொல்லாம இருந்திருந்தா அந்த அக்காவுக்கு நிலம் போயிருக்கும்" என்றாள்.

போன பங்குனியில் வேதாரண்யத்தில் ஒரு காதுகுத்து. அவளை வற்புறுத்தி பஸ்ஸில் அழைத்துப் போனேன். குடையையும் எடுத்துக்கொண்டேன், எதற்கு என்று அவள் கேட்கவில்லை. நாகப்பட்டினம் தாண்டி, வேளாங்கண்ணியும் தாண்டிய பிறகு, அவள் கை என் கையை இறுக்கியது. நெற்றி வேர்த்தது. வெளியே உளுந்து எடுத்த வயல்கள், ஒரு மறைவும் இல்லாமல், அப்படியே அந்த நாள். கண்டக்டரிடம் சொல்வதற்காக நான் எழுந்தேன். அவள் என் தோளைப் பிடித்து உட்கார வைத்தாள்.

"நீ சொல்லாத. நான் சொல்றேன்."

எழுந்து கம்பியைப் பிடித்துக்கொண்டு, பஸ் முழுக்கக் கேட்கிற மாதிரி சொன்னாள். "அண்ணே, எனக்குக் குடல்ல ஒரு நோய். அடக்க முடியாது. ஒரு பத்து நிமிஷம் நிறுத்துங்க."

கண்டக்டர் விசில் ஊதினார். பஸ் ஓரம் கட்டியது. பின்சீட்டிலிருந்து மீன்கூடைக்காரம்மா ஒருத்தி, "மெதுவா வா தங்கச்சி, பஸ்ஸு எங்கயும் போவாது" என்றாள். மகள் என் மடியிலிருந்து குடையை எடுத்துக்கொண்டு இறங்கினாள். வாய்க்கால் கரையைத் தாண்டி, வயலுக்குள் நடந்தாள். கானலில் குடை விரிந்து தரையில் இறங்கியது. சன்னலோரம் இருந்தவர்கள் ஒவ்வொருவராக முகத்தை மறுபக்கம் திருப்பிக்கொண்டார்கள். இந்த முறை நானும் திருப்பிக்கொண்டேன்.