மூன்றாவது காளாஞ்சி

முக்கோணம் கீறிக் கீறியே என் உத்தியோகம் முடிந்தது. விஞ்ஞான டீச்சர். அடியில் வாவியின் பாசி, அதற்கு மேல் இறால், அதற்கும் மேல் திரளி மீன், நுனியில் முதலை. ஒவ்வொரு வருடமும் அதே படம், பிள்ளைகளிடமிருந்து அதே கேள்வி: "டீச்சர், முதலைய ஆர் தின்னும்?" ஒன்றும் தின்னாது, செத்தால் அதுவும் பாசிக்குத்தான் போகும் என்பேன். சுனாமியாகக் கடல் வந்த மார்கழியில், விடுமுறைக்கு முன் நான் கீறிவிட்டுப் போன முக்கோணம் கரும்பலகையில் அப்படியே கிடந்தது. பள்ளிக்கூடம் வாவிப் பக்கமாக இருந்ததால் தப்பியது. அந்தப் படத்துக்குக் கீழேதான் அக்காவும் அவள் மகனும் நானும் பாய் விரித்தோம். படிப்பித்த வகுப்பிலேயே அகதியாகப் படுப்பது பெரிய வெட்கம். யாரிடம் சொல்லி என்ன ஆகப்போகிறது?

பனிச்சங்கேணிப் பக்கம், கடலுக்கும் வாவிக்கும் நடுவில் இருந்தது எங்கள் வீடு. வீட்டோடு மாமாவும் போனார், எங்கள் அம்மாவின் தம்பி. அவரை வாவிக்கரைக் கண்டல் மர வேர்களுக்குள்ளிருந்து எடுத்தோம். அக்கா அழுது ஓய்ந்ததும் கேட்ட முதல் கேள்வி, "இனிக் கோயில்ல ஆர் நிக்கிற?" என்பதுதான். எனக்குப் பற்றிக்கொண்டு வந்தது.

அது என்னவென்று சொல்ல வேண்டும். எங்கள் அம்மன் கோயிலில் வைகாசிச் சடங்கு முடியும் நாளில், கோயிலைப் பார்க்கும் வண்ணக்கர் ஒவ்வொரு குடியாகக் கூப்பிடுவார். கூப்பிட்டதும் அந்தக் குடிக்கு உரிய ஆண் முன்னால் வந்து காளாஞ்சி வாங்க வேண்டும். வெற்றிலை, பழம், பூ வைத்த ஒரு தட்டம், அவ்வளவுதான். ஆனால் யார் முதலில், யார் பிறகு என்பதற்காக மண்டை உடைந்த கதைகள் உண்டு. எங்கள் குடிக்கு மூன்றாவது இடம். குடி என்பது வம்சம், தாய் வழியாக வருவது. ஆகவே மாமாவுக்குப் பிறகு அந்த இடம் அக்காவின் மகனுக்கு. சாதி சொல்லித் தள்ளிவைத்த வெளித் தெருச் சனங்களை ஒருநாளும் கூப்பிட்டதில்லை. அவர்கள் வாசலுக்கு வெளியே நின்று கும்பிட்டுவிட்டுப் போவார்கள். அந்த வரிசையைக் கண்டாலே எனக்கு ஆகாது.

பள்ளிக்கூட முகாமுக்குத் தொண்டு நிறுவனத்திலிருந்து ஒரு பயிற்சியாளர் வந்தாள், நல்ல பிள்ளை. என் முதலைக்குப் பக்கத்தில் மனிதனின் தேவைகளைப் படிப்படியாகக் காட்டும் தன்னுடைய முக்கோணத்தை ஒட்டினாள். சாப்பாடும் தண்ணீரும் அடிப்படி. அது நிறைந்த பிறகே மனிதன் பாதுகாப்பைத் தேடுவானாம். பிறகு அன்பு, அதற்கு மேல் மரியாதை, உச்சியில் ஏதோ நிறைவு. அக்கா கவனமாகக் கேட்டாள்.

"புள்ள, நாங்க இதுல எந்தப் படியில நிக்கம்?"

அவள் சங்கடத்தோடு அடிப்படியைத் தொட்டுக் காட்டினாள்.

"அதெப்பிடிப் புள்ள? கோயில்ல எங்களுக்கு மூண்டாவது."

பெண்கள் வாயைப் பொத்திக்கொண்டு சிரித்தார்கள். கடல் வந்த பிறகு அந்த வகுப்பில் கேட்ட முதல் சிரிப்பு அது. நானும் சிரித்தேன், ஆனால் உள்ளுக்குள் எரிச்சல். உடுத்த மாற்றுத் துணி இல்லை, இவளுக்கு மூன்றாவது.

அந்த வைகாசியில் அக்காவின் மகன் காளாஞ்சி வாங்கினான். நிவாரணத்தில் வந்த வேட்டி இடுப்பில் நிற்காமல், ஒரு கையால் அதைப் பிடித்துக்கொண்டு மற்றக் கையால் தட்டத்தை வாங்கினான். அக்காவின் முகத்தை அப்படி ஒரு வெளிச்சத்தோடு நான் அதற்கு முன் கண்டதில்லை. அடுத்த வருடம் அவனை இயக்கத்துக்குப் பிடித்துக்கொண்டு போனார்கள். ஒரு டிராக்டர் பெட்டியில், ஊர்ப் பெடியன்கள் சிலரோடு. பிறகு சண்டை எங்கள் பக்கம் வந்தது, ஊரே எழும்பி ஓடியது. நாங்கள் திரும்பி வந்தபோது இயக்கம் வன்னிக்குப் போயிருந்தது, அவனும் அதோடு.

சண்டை நடந்த காலம் வரைக்கும் கோயிலில் ஒருவரும் ஒன்றும் சொல்லவில்லை. எங்கள் குடியைக் கூப்பிட்டு, வர ஆளில்லாமல், தட்டத்தை மூன்றாம் இடத்தில் தரையில் வைத்துவிடுவார்கள். போரும் ஒரு வைகாசியில்தான் முடிந்தது. தடுப்பு முகாம்களிலிருந்து சிலர் வந்தார்கள். அவன் வரவில்லை. அக்காவும் நானும் ஏறாத பஸ் இல்லை, கேட்காத வாசல் இல்லை. எல்லா இடத்திலும் ஒரே பதில், பார்ப்போம். ஓட்டமாவடிச் சந்தியில் பஸ்ஸுக்கு நின்று நின்று எனக்குக் காலில் நரம்பு புடைத்ததுதான் மிச்சம்.

அடுத்த சடங்குக்கு முன் வண்ணக்கர் வீட்டுக்கு வந்தார். எங்கள் சின்னம்மாவின் மகன் இருக்கிறான், அதே குடி, பொறுப்பானவன், அவன் வாங்கட்டும் என்றார். அவர் சொன்னதில் பிழை இல்லை. ஆனால் அந்த இடம் உயிரோடு இருப்பவனை விட்டு இன்னொருவனுக்குப் போகாது. செத்தால்தான் மாறும்.

அக்கா முற்றத்தையே பார்த்துக்கொண்டிருந்தாள். "தம்பி வாங்கினா, என்ட புள்ள செத்துட்டான் எண்டு நான் ஊருக்குச் சொன்ன மாதிரி. நான் சொல்ல மாட்டன்."

"எத்தின காலத்துக்குப் புள்ள வாங்க ஆளில்லாமத் தட்டம் வெக்கிற? பின்னுக்கு நிக்கிற குடியெல்லாம் கேக்காங்க."

எனக்குப் பொறுக்கவில்லை. அந்த வரிசையே ஒரு அநியாயம், அதற்காக ஏன் மல்லுக்கட்டுகிறாய் என்று அவர் முன்னாலேயே கத்திவிட்டேன்.

"நீ போய் உன்ட முதலையக் கீறுகா," என்றாள் அக்கா. பிறகு வண்ணக்கரிடம் திரும்பினாள். "அப்ப எங்களக் கடைசிக்குத் தள்ளுங்க. கடைசியில ஆளில்லாத தட்டம் கிடந்தா ஆருக்குக் கரைச்சல்? கூப்பிட்டாலே காணும், வேற ஒண்டும் வேணாம்."

அவர் தலையாட்டிச் சம்மதிப்பதற்குள் தேத்தண்ணி ஆறிப்போனது. குடியின் வரிசையை யாரும் தானாக விட்டுக்கொடுத்ததை அவர் கேள்விப்பட்டிருக்க மாட்டார். நானும் கேட்டதில்லை. முகாமில் அடிப்படியில் இருந்துகொண்டு மூன்றாவது என்று மார் தட்டியவள், இப்போது அதைத் தூக்கிப் போட்டாள். என்னிடமும் அந்தப் பயிற்சியாளர் பிள்ளையிடமும் இருந்த எந்த முக்கோணத்திலும் அதற்கு இடமில்லை.

குடிக்காரர்கள் எங்களோடு பேச்சை விட்டார்கள். மகன் நினைவில் பைத்தியம் பிடித்துக் குடி மானத்தை விற்றுவிட்டாள் என்றார்கள். சின்னம்மாவின் மகன் மட்டும் ஒருநாள் வந்து, "எனக்கு அது வேணாம் அக்கா," என்று சொல்லிவிட்டுப் போனான்.

கடைசிக் குடி என்றால் வாசலை ஒட்டித்தான் நிற்க வேண்டும். வாசலுக்கு அந்தப் பக்கம் வெளித் தெருச் சனங்கள். முதல் முறை நாங்கள் அங்கே நின்றபோது, அவர்களில் ஒருத்தி அக்காவின் தோளைத் தொட்டாள். அவளுடைய மகனும் அதே டிராக்டரில் ஏற்றப்பட்டவன். அவனும் வரவில்லை.

"உங்கட புள்ளட இடத்தையாவது கூப்பிடுறாங்க அக்கா," என்றாள். குத்திச் சொல்லவில்லை. களைப்பாகத்தான் சொன்னாள்.

எத்தனையோ வருடம் அந்த வரிசையைத் திட்டியிருக்கிறேன், வாசலுக்கு அந்தப் பக்கம் நிற்கும் ஒருத்தியோடும் ஒரு வார்த்தை பேசியதில்லை. முன்னுக்கு நின்ற குடிகள் எல்லாம் தட்டங்களோடு கலைந்து போய்க்கொண்டிருந்தன. வண்ணக்கர் எங்கள் குடியைக் கூப்பிட்டார்.

"ஓம், இரிக்கான்," என்றாள் அக்கா. சொல்லிவிட்டுத் திரும்பி, வாசலுக்கு வெளியே கையை நீட்டி அந்தப் பெண்ணின் கையைப் பிடித்தாள். அந்தப் பெண் மற்றக் கையால் முந்தானையைச் சரிசெய்துகொண்டாள். பிறகு அவளும் தன் மகனுக்காக மெல்லச் சொன்னாள்:

"இரிக்கான்."

வண்ணக்கர் நிமிர்ந்து பார்த்தார். கோபப்படுவார் என்று பயந்தேன். தட்டத்தைத் தரையில் வைத்துவிட்டு உள்ளே போனார். அடுத்த வைகாசியில் எங்கள் குடியைக் கூப்பிட்டு அக்காவின் பதிலைக் கேட்ட பிறகும், இரண்டாவது குரல் வரும் வரைக்கும் அவர் தட்டத்தைக் கையிலேயே வைத்துக்கொண்டு நின்றார்.